மேன்முறையீடு விசாரணைக்கே போகாமல் தள்ளுபடியாகாமல் இருக்க: மலையகத்தில் முதல்முறை மேன்முறையீடு செய்பவர்களுக்கு

மாவட்ட நீதிமன்றத்தில் காணி வழக்கிலோ கடன் வழக்கிலோ தோற்றவர் மேன்முறையீடு செய்கிறார், வருடக்கணக்கில் காத்திருக்கிறார், கடைசியில் அவர் பக்கத்து நியாயம் என்ன என்று யாரும் கேட்பதற்கு முன்பே "அறிவித்தல் உரிய காலத்துக்குள் கொடுக்கப்படவில்லை" அல்லது "கையெழுத்திட்டவர் பதிவுசெய்யப்பட்ட சட்டத்தரணி இல்லை" என்று சொல்லி வழக்கைத் தள்ளிவிடுகிறார்கள். இது அடிக்கடி நடக்கிறது. சாட்சியம் பலமாக இருந்தவர்களுக்கும் நடக்கிறது. இதைத் தடுப்பதற்குச் சட்டம் படித்திருக்க வேண்டியதில்லை, தீர்ப்பு வந்த நாளிலிருந்து முதல் இரண்டு வாரங்களில் என்ன செய்ய வேண்டும் என்று தெரிந்திருந்தால் பெரும்பகுதி ஆபத்து போய்விடும். அதைத்தான் இங்கே எழுதுகிறேன். இதை வாசித்துவிட்டு சட்டத்தரணி இல்லாமலே செய்துவிடலாம் என்று நினைக்க வேண்டாம். சட்டத்தரணியிடம் சரியான கேள்வியைச் சரியான நாளில் கேட்பதற்காகத்தான் இது.

முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது, எங்கே போகிறோம் என்பது. 2006ஆம் ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டம் வந்த பிறகு மாவட்ட நீதிமன்றத் தீர்ப்புகளுக்கு எதிரான மேன்முறையீடுகள் மாகாணத்தின் குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றத்துக்குப் போகின்றன. ஹற்றன், நுவரெலியா, நாவலப்பிட்டி, கம்பளைப் பக்கத்து வழக்குகளுக்கு அது கண்டி. பண்டாரவளை, பதுளைப் பக்கத்துக்கு பதுளை. சப்ரகமுவவில் கேகாலையும் இரத்தினபுரியும் இருக்கின்றன. ஆனால் விசாரிப்பது கண்டியாக இருந்தாலும், தீர்ப்புக்கு எதிரான மேன்முறையீட்டுக் கடதாசிகளைக் கொடுப்பது தீர்ப்புச் சொன்ன அதே மாவட்ட நீதிமன்றத்தில்தான். ஹற்றன் தீர்ப்பென்றால் ஹற்றன் பதிவாளர் அலுவலகம். கண்டிக்குப் பஸ் ஏறி ஒரு நாளை வீணாக்க வேண்டாம்.

சரி, இப்போது படிகளுக்கு வருவோம்.

படி 1: கிடைத்தது தீர்ப்பா, கட்டளையா?

குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 754ஆம் பிரிவு இரண்டையும் பிரிக்கிறது. தீர்ப்பு என்றால் நேரடியாக மேன்முறையீடு செய்யலாம். வழக்கின் நடுவில் வரும் கட்டளை என்றால் முதலில் அனுமதி கேட்க வேண்டும். அந்த அனுமதி மனுவை மாவட்ட நீதிமன்றத்தில் கொடுக்கக்கூடாது, நேரே மேல் நீதிமன்றத்தில், சத்தியக்கூற்றோடு (சத்தியம் செய்து எழுதிக் கொடுக்கும் வாக்குமூலம்) 14 நாட்களுக்குள் கொடுக்க வேண்டும். அதாவது வழி மாறினால் கடதாசி போகும் நீதிமன்றமும் மாறிவிடும், தவறான இடத்தில் கொடுத்துவிட்டு உட்கார்ந்திருந்தால் சரியான இடத்துக்குரிய காலம் ஓடிவிடும்.

சில கட்டளைகள் பெயரளவில் கட்டளையாக இருந்தாலும் தீர்ப்பின் பலன் உள்ளவை. எது எந்த வகை என்பதில் நீதிமன்றங்களுக்குள்ளேயே நீண்ட காலம் கருத்து வேறுபாடு இருந்தது. 2010இல் உயர் நீதிமன்றத்தின் (நாட்டின் அதியுயர் நீதிமன்றம்) ஐந்து நீதியரசர் ஆயம் ஒரு அளவுகோலை ஏற்றது: நீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்ட விண்ணப்பத்தைப் பாருங்கள், அதை எந்தப் பக்கம் தீர்மானித்திருந்தாலும் வழக்கு முற்றாக முடிந்திருக்குமா? முடிந்திருக்கும் என்றால் அது தீர்ப்பு. ஒரு பக்கம் தீர்மானித்தால் முடியும், மறுபக்கம் தீர்மானித்தால் வழக்கு தொடரும் என்றால் அது கட்டளை. இதை நீங்களாகத் தீர்மானிக்க வேண்டாம். "ஐயா, இதற்கு நேரடி மேன்முறையீடா, அனுமதி மனுவா?" என்று சட்டத்தரணியிடம் வாய்விட்டுக் கேளுங்கள். உண்மையிலேயே சந்தேகமான இடத்தில் இரண்டையும் காலத்துக்குள் தாக்கல் செய்யும் சட்டத்தரணிகளும் இருக்கிறார்கள். செலவு கூடும்தான், இருந்தாலும் வழியை இழப்பதைவிட அது மேல்.

படி 2: 14 நாள் கணக்கு

தீர்ப்புக்கு எதிராக மேன்முறையீடு செய்யப்போகிறோம் என்ற அறிவித்தலை 14 நாட்களுக்குள் கொடுக்க வேண்டும். தீர்ப்புச் சொன்ன நாள், அறிவித்தலைக் கொடுக்கும் நாள், ஞாயிற்றுக்கிழமைகள், அரசாங்க விடுமுறை நாட்கள் ஆகியவை கணக்கில் சேராது. போயா நாள் அரசாங்க விடுமுறை என்பதால் அதுவும் கழியும். சனிக்கிழமை கழியாது. கந்தோர் பூட்டியிருந்தாலும் சனி ஒரு நாளாக எண்ணப்படும், பலர் சறுக்குவது இங்கேதான். நீதிமன்ற விடுமுறைக்காலம் வந்தாலும் அதை அரசாங்க விடுமுறை என்று நினைத்துக் கழித்துவிட வேண்டாம்.

ஒரு உதாரணம். திங்கட்கிழமை தீர்ப்பு, அடுத்த வாரம் செவ்வாய் போயா என்று வைத்துக்கொள்வோம். முதல் செவ்வாய் ஒன்று, புதன் இரண்டு, வியாழன் மூன்று, வெள்ளி நான்கு, சனி ஐந்து. ஞாயிறு இல்லை. திங்கள் ஆறு. செவ்வாய் போயா, இல்லை. புதன் ஏழு, வியாழன் எட்டு, வெள்ளி ஒன்பது, சனி பத்து. மறுபடி ஞாயிறு இல்லை. திங்கள் பதினொன்று, செவ்வாய் பன்னிரண்டு, புதன் பதின்மூன்று, வியாழன் பதினான்கு. கொடுக்கும் நாளும் கழியும் என்பதால் வெள்ளிக்கிழமை கொடுத்தாலும் கணக்குச் சரிதான், ஆனால் அந்த வெள்ளியை நம்பியிருக்க வேண்டாம். மழை நாளில் மண்சரிவு வந்து ரோட்டு மூடிவிட்டால் என்ன செய்வீர்கள்? முதல் வாரத்துக்குள் முடித்துவிடுங்கள்.

நாள் ஓடத் தொடங்குவது தீர்ப்பு வாசிக்கப்பட்ட திகதியிலிருந்து. தீர்ப்பின் பிரதி கைக்குக் கிடைத்த நாளிலிருந்து இல்லை, சட்டத்தரணி போன் எடுத்துச் சொன்ன நாளிலிருந்தும் இல்லை. பிரதி தட்டச்சு செய்து வர நாளாகும், அதுவரை பொறுத்திருந்தால் காலம் போய்விடும். அறிவித்தல் எழுதத் தீர்ப்பின் பிரதி தேவையே இல்லை. அதில் இருக்க வேண்டியவை நீதிமன்றத்தின் பெயர், வழக்கு இலக்கம், எல்லாத் தரப்பினரின் பெயரும் முகவரியும், யார் மேன்முறையீடு செய்கிறார், யாருக்கு எதிராக, கேட்கும் நிவாரணம் என்ன என்பவை மட்டும்தான். இவை தீர்ப்பு நாளன்றே உங்கள் கையில் இருக்கின்றன.

தோட்டத்தில் இருக்கும் பலர் தீர்ப்பு நாளன்று வேலையை விட்டு வர முடியாமல் போகாமலே விட்டுவிடுகிறார்கள். ஒரு நாள் சம்பளம் போகும் என்பது உண்மையான கஷ்டம், எனக்குத் தெரியும். அப்படியும் தீர்ப்பு நாளுக்கு மட்டும் யாராவது ஒருவர், மகனோ மருமகனோ, போய் நின்று திகதியை எழுதிக்கொண்டு வரட்டும். தோட்டத் தலைவரிடம் கடதாசியைக் கொடுத்தாயிற்று, அவர் பார்த்துக்கொள்வார் என்று இருந்துவிடாதீர்கள், அவர் நல்ல மனிதராக இருந்தாலும் இந்தப் 14 நாள் அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்றில்லை.

படி 3: அறிவித்தலோடு சேர்த்துக் கொடுக்க வேண்டியவை

வெறும் அறிவித்தல் போதாது. 755ஆம் பிரிவின்படி அதற்கு உரிய முத்திரை ஒட்டியிருக்க வேண்டும். எதிர்த்தரப்பின் மேன்முறையீட்டுச் செலவுக்கான பிணை கூடவே வர வேண்டும், அல்லது பிணை வேண்டாம் என்று எதிர்த்தரப்போ அவருடைய சட்டத்தரணியோ கையெழுத்திட்ட கடதாசி வேண்டும். அப்புறம், அறிவித்தலின் பிரதி எதிர்த்தரப்புக்குப் போய்ச் சேர்ந்ததற்கான அத்தாட்சி: அவர்கள் பெற்றுக்கொண்டதாக எழுதிக் கொடுத்த கடிதம், அல்லது பதிவுத்தபால் பற்றுச்சீட்டு.

அந்தப் பற்றுச்சீட்டை உயிர்போலப் பாதுகாக்க வேண்டும். டவுன் தபால் கந்தோரிலேயே போய் அனுப்புங்கள், முத்திரையில் திகதி தெளிவாக விழுந்திருக்கிறதா என்று கவுண்டரிலேயே பாருங்கள், போனில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள், அசலைச் சட்டத்தரணியிடம் கொடுங்கள்.

எதிர்த்தரப்பு என்றால் உங்களோடு நேரடியாகச் சண்டை பிடித்தவர் மட்டும் இல்லை. பிரிவிடல் வழக்குகளில், அதாவது கூட்டுக் காணியைப் பங்கு பிரிக்கும் வழக்குகளில், பத்துப் பதினைந்து பேர் இருப்பார்கள், அதில் பாதிப் பேர் ஒரு நாள்கூட நீதிமன்றத்துக்கு வந்திருக்க மாட்டார்கள். அவர்களையும் விடக்கூடாது. தேவையான ஒருவரை மேன்முறையீட்டில் எதிர்த்தரப்பாகச் சேர்க்காததற்காகவே மேன்முறையீடுகள் தள்ளுபடியாகியிருக்கின்றன. விடுபட்டவருக்கு அறிவித்தல் அனுப்பி உள்ளே கொண்டுவர 770ஆம் பிரிவு நீதிமன்றத்துக்கு அதிகாரம் கொடுக்கிறது, ஆனால் அது நீதிமன்றத்தின் விருப்பம், உங்கள் உரிமை இல்லை. வழக்கின் தலைப்பை எடுத்து வைத்து ஒவ்வொரு பெயராக விரல் வைத்துச் சரிபாருங்கள்.

படி 4: கையெழுத்து யாருடையது?

இதில் விழுந்தவர்கள் நிறையப் பேர். உங்களுக்காக மாவட்ட நீதிமன்றத்தில் புரொக்சி (உங்கள் சார்பில் வழக்கை நடத்த நீங்கள் கையெழுத்திட்டுக் கொடுக்கும் அதிகாரப் பத்திரம்) தாக்கல் செய்தவர்தான் பதிவுசெய்யப்பட்ட சட்டத்தரணி. விசாரணையில் எழுந்து பேசியவர் வேறொருவராக இருக்கலாம், கண்டியிலிருந்தோ கொழும்பிலிருந்தோ வந்த பெரிய சட்டத்தரணியாக இருக்கலாம். அறிவித்தலிலும் மனுவிலும் புரொக்சி உள்ளவர் கையெழுத்திட வேண்டும். மேல் நீதிமன்றங்கள் பலமுறை சொல்லியிருப்பது இதுதான்: ஒரு சட்டத்தரணியின் புரொக்சி வழக்கேட்டில் இருக்கும்வரை வேறு சட்டத்தரணி கையெழுத்திட்டால் செல்லாது, நீங்களே கையெழுத்திட்டாலும் செல்லாது.

தோற்ற கோபத்தில் "இந்த ஆள் வேண்டாம்" என்று சட்டத்தரணியை மாற்றுவது மனித இயல்பு. மாற்றுங்கள், அது உங்கள் உரிமை. ஆனால் வரிசை தவறக்கூடாது: பழைய புரொக்சியை நீதிமன்ற அனுமதியோடு இரத்துச் செய்து, புதியதைத் தாக்கல் செய்து, அது வழக்கேட்டில் பதிவான பிறகுதான் புதியவர் கையெழுத்திடலாம். 14 நாளுக்குள் இது முடியுமா என்பதில் சந்தேகம் இருந்தால், பழையவரிடமே அறிவித்தலில் கையெழுத்து வாங்கிவிட்டு, அப்புறம் ஆளை மாற்றுவது பாதுகாப்பு.

படி 5: 60 நாளில் மேன்முறையீட்டு மனு

அறிவித்தல் கொடுத்தாயிற்று என்று நிம்மதியாக வீட்டுக்குப் போகிறவர்கள் இருக்கிறார்கள். அறிவித்தல் பாதிதான். முழு மனுவை 60 நாட்களுக்குள் அதே மாவட்ட நீதிமன்றத்தில் கொடுக்க வேண்டும். இந்த 60 நாள் தீர்ப்புத் திகதியிலிருந்து எண்ணப்படும், அறிவித்தல் கொடுத்த திகதியிலிருந்து இல்லை. இதில் ஞாயிறும் போயாவும் கழியாது, எல்லா நாளும் கணக்கு. மார்ச் 3ஆம் திகதி தீர்ப்பென்றால் மே 2ஆம் திகதி அறுபதாவது நாள். நடுவில் சித்திரைப் புத்தாண்டு, முடிவில் மே தினம், எந்தச் சட்டத்தரணியின் கிளார்க்கும் ஊருக்குப் போயிருக்கும் காலம். ஏப்ரல் முதல் வாரத்திலேயே மனு தயாராக இருக்க வேண்டும். காலம் கடந்தால் நீதிமன்றம் ஏற்க மறுக்க வேண்டும் என்றே சட்டம் சொல்கிறது.

மனுவில் தீர்ப்பு எங்கே பிழைத்தது என்பதை இலக்கமிட்ட பந்திகளாக, சுருக்கமாக, தெளிவாக எழுத வேண்டும் என்று 758ஆம் பிரிவு கேட்கிறது. "தீர்ப்பு சட்டத்துக்கும் சாட்சியத்துக்கும் முரணானது" என்ற ஒரே வரியோடு நிறைய மனுக்கள் போகின்றன, அது ஒன்றும் சொல்லாத வரி. எந்த ஆவணத்தை நீதிபதி கணக்கில் எடுக்கவில்லை, எந்தச் சாட்சியின் எந்தப் பதிலைத் தவறாகப் புரிந்துகொண்டார் என்பதை வழக்கு நடந்தபோது உள்ளே இருந்த நீங்கள்தான் எடுத்துச் சொல்ல முடியும். அதை உட்கார்ந்து எழுதிச் சட்டத்தரணியிடம் கொடுங்கள்.

மொழியைப் பற்றி ஒரு வார்த்தை. நம் பகுதி நீதிமன்றங்களில் வழக்கேடு பெரும்பாலும் சிங்களத்தில் இருக்கும், மனு ஆங்கிலத்தில் வரும். அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரையின்படி தமிழிலும் வழக்கு ஆவணங்களைக் கொடுக்க உங்களுக்கு உரிமை உண்டு, உங்களுக்குக் கிடைக்க வேண்டிய வழக்கேட்டுப் பகுதிகளைத் தமிழில் பெறவும் உரிமை உண்டு. இந்த உரிமையைக் கேளுங்கள், கேட்கக் கேட்கத்தான் அது நடைமுறைக்கு வரும். ஆனால் மொழிபெயர்ப்பு வரும்வரை 14 நாளும் 60 நாளும் நிற்காது, இரண்டையும் ஒரே நேரத்தில் செய்ய வேண்டும். விளங்காத மொழியில் உள்ள சத்தியக்கூற்றில் கையெழுத்திடுவதற்கு முன் தமிழில் வாசித்து விளக்கச் சொல்லுங்கள். வெட்கப்பட ஒன்றுமில்லை.

படி 6: தாக்கல் செய்த பிறகு

மேன்முறையீடு கொடுத்துவிட்டால் தீர்ப்பு தானாகவே நின்றுவிடும் என்று இருந்துவிட வேண்டாம். மேன்முறையீடு நிலுவையில் இருக்கும்போதே தீர்ப்பை நிறைவேற்றச் சொல்லி வென்றவர் 763ஆம் பிரிவின் கீழ் விண்ணப்பிக்கலாம். அந்த விண்ணப்பத்தின் அறிவித்தல் வந்தால் அன்றே சட்டத்தரணியைப் பாருங்கள். நிறைவேற்றினால் உங்களுக்குக் கணிசமான நட்டம் வரும் என்று காட்டி நிறுத்தி வைக்கக் கேட்கலாம்.

வழக்கேட்டுப் பிரதிகளுக்குப் பணம் கட்டச் சொல்லிக் கடிதம் வரும், கட்டாமல் விட்டால் மேன்முறையீட்டைக் கைவிட்டதாக எடுத்துக்கொள்ளும் ஆபத்து உண்டு. இந்தக் கடிதங்கள் வந்து சேர்வதுதான் நம் பக்கத்தில் பெரிய பிரச்சினை. லயத்துக்குத் தனி முகவரி இல்லை, தோட்டத்தின் பெயரும் டிவிஷனும் போட்டால் கடிதம் தோட்ட ஒஃபீசுக்குப் போய் அங்கே கிடக்கும். ஒரே தோட்டத்தில் ஒரே பெயரில் பலர் இருந்தால் கேட்கவே வேண்டாம். டவுனில் உள்ள நம்பிக்கையான உறவினர் முகவரி ஒன்றைச் சட்டத்தரணியிடம் கொடுத்து வையுங்கள். போன் நம்பர் மாறினால் சொல்லுங்கள். சில மாதங்களுக்கு ஒருமுறை வழக்கு இலக்கத்தோடு பதிவாளர் அலுவலகத்தில் விசாரியுங்கள். தரப்பினர் ஒருவர் இறந்துவிட்டால் உடனே தெரிவிக்க வேண்டும், அவருக்குப் பதிலாக யாரைச் சேர்ப்பது என்று 760அ பிரிவின் கீழ் தீர்மானித்த பிறகுதான் வழக்கு நகரும்.

பிழை நடந்துவிட்டால்

எல்லாப் பிழையும் மரண அடி இல்லை. 759ஆம் பிரிவின் இரண்டாவது உட்பிரிவு, குறைபாடு எதுவாக இருந்தாலும் எதிர்த்தரப்புக்குப் பாரதூரமான பாதிப்பு இல்லையென்றால் நிவாரணம் கொடுக்க நீதிமன்றத்துக்கு இடம் தருகிறது. 1993இல் உயர் நீதிமன்றம் இந்த அதிகாரத்தை விரிவாகவே விளக்கியது: சட்டத்தரணியின் கவனக்குறைவு கட்சிக்காரரின் கவனக்குறைவு என்ற கடும் விதி இங்கே நீதிமன்றத்தின் கையைக் கட்டாது. பிணையில் குறை, முகவரியில் பிழை போன்றவற்றுக்கு இந்தக் கதவைத் தட்டலாம். ஆனால் அதே பிரிவு காலக்கெடுவை வெளியே வைத்துவிட்டது. 14 நாளும் 60 நாளும் தவறினால் 759 உதவாது. அதனால்தான் நாள் கணக்கை இவ்வளவு நீட்டி எழுதினேன்.

காலம் தவறியவர்களுக்கு இரண்டு ஒடுங்கிய வழிகள் இருக்கின்றன. ஒன்று 765ஆம் பிரிவு: உங்கள் கட்டுப்பாட்டுக்கு மீறிய காரணத்தால்தான் தவறியது, மேன்முறையீட்டுக்கு நல்ல காரணம் இருக்கிறது, இப்போது தீர்ப்பைத் தொடுவது வென்றவருக்கு அநியாயமாகாது என்ற மூன்றையும் காட்ட வேண்டும். ஆஸ்பத்திரியில் கிடந்திருந்தால் வைத்தியச் சான்றிதழ், ரோட்டு மூடியிருந்தால் அதற்கான அத்தாட்சி என்று கையில் ஏதாவது இருக்க வேண்டும். மற்றது மீளாய்வு மனு, அதாவது கீழ் நீதிமன்றத்தின் தீர்ப்பைப் பார்த்துத் திருத்தும்படி மேல் நீதிமன்றத்தைக் கேட்கும் மனு. அதற்கு நாள் கணக்கு எழுதப்படவில்லை, ஆனால் தாமதத்துக்கு விளக்கம் கேட்பார்கள், விதிவிலக்கான சூழ்நிலை இருக்கிறதா என்று பார்ப்பார்கள். உறுதிப்படுத்திய பிரதிகளை மனுவோடு இணைக்காவிட்டால் அதற்காகவே அதுவும் தள்ளுபடியாகலாம். தவறியது தெரிந்த அன்றே ஓடுங்கள்.

கண்டியிலோ பதுளையிலோ தோற்று உயர் நீதிமன்றத்துக்குப் போகிறவர்களுக்கு: அங்கே அனுமதி மனுவுக்கு 42 நாள். எதிர்த்தரப்பினருக்கு அனுப்ப வேண்டிய அறிவித்தல்களை, சரியான முகவரியோடு, மனுவோடு சேர்த்தே ஒப்படைக்க வேண்டும் என்று 1990ஆம் ஆண்டு உயர் நீதிமன்ற விதிகளின் 8ஆம் விதி சொல்கிறது. இதைச் செய்யாததற்காக மட்டும் தள்ளுபடியானவை ஏராளம்.

தோட்டத்தாருக்கு இன்னும் இரண்டு விஷயம். தொழில் நியாயசபைக் கட்டளைக்கு எதிரான மேன்முறையீடு வேறு சட்டத்தின் கீழ் வருகிறது, 30 நாளுக்குள் மாகாண மேல் நீதிமன்றத்துக்கு, அதுவும் சட்டக் கேள்வி ஒன்றின் மேல் மட்டும். "சாட்சியை நம்பியது பிழை" என்று மட்டும் எழுதினால் நிற்காது. அடுத்தது, அரச காணிகள் உடைமை மீட்புச் சட்டத்தின் கீழ் நீதவான் கொடுக்கும் வெளியேற்றக் கட்டளைக்கு மேன்முறையீடே கிடையாது. மேன்முறையீடு என்று கடதாசி எழுதி நாளைக் கடத்தாமல் மீளாய்வா, எழுத்தாணை மனுவா (அதிகாரியின் செயலை இரத்துச் செய்யவோ தடுக்கவோ கேட்கும் மனு) என்று உடனே சட்டத்தரணியிடம் கேளுங்கள், வெளியேற்றம் அதற்குள் நடந்துவிடலாம்.

பணம் இல்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவின் கிளையைத் தேடிப் போகலாம், நீதிமன்றத்துக்குள்ளோ பக்கத்திலோ இருக்கும், பதிவாளர் அலுவலகத்தில் கேட்டால் காட்டுவார்கள். போகும்போது வழக்கு இலக்கம், தீர்ப்புத் திகதி, பழைய சட்டத்தரணியின் பெயர், வருமானத்தைக் காட்ட சம்பளச் சீட்டு அல்லது கிராம அலுவலர் கடிதம் ஆகியவற்றை எடுத்துப் போங்கள். வாசலில் நுழைந்ததும் முதலில் சொல்ல வேண்டியது தீர்ப்புத் திகதி, உங்கள் கதை அதற்குப் பிறகு.